என் விரல் தள்ளிய பத்து நிமிஷங்கள்

என் வலது கை ஆள்காட்டி விரலுக்கு எழுபது வயது இருக்கும் என்று டாக்டர் சொன்னார். மற்ற விரல்களுக்கும் எனக்கும் நாற்பத்திரண்டு. அந்த ஒரு விரலில் மட்டும் தோல் சுருங்கி, நகம் மஞ்சளாகத் தடித்து, கணு முண்டு கட்டியிருக்கிறது. பார்க்கிறவர்களில் சிலர் சிரிக்கிறார்கள். சிலர் குஷ்டமோ என்று தள்ளி உட்காருகிறார்கள். குஷ்டம் இல்லை. எனக்கு வந்தது முள் காய்ச்சல். கடிகார முள்ளைக் கள்ளத்தனமாகத் தள்ளுகிறவர்களுக்கு வரும் நோய்.

கடிகாரத்தோடு வேலை செய்கிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். பள்ளிக்கூடத்தில் மணி அடிப்பவர்கள், மில்லில் சங்கு ஊதுபவர்கள், சினிமாக் கொட்டகைக்காரர்கள். என்ன நோய் என்றே தெரியாமல் நான் பட்ட அவஸ்தையை அவர்களும் பட வேண்டாம். அழகாக எழுத எனக்கு வராது. வரிசையாக எழுதவாவது வருமா என்று சந்தேகமாக இருக்கிறது. அந்த நாட்களில் எது முதலில் நடந்தது, எது பிறகு நடந்தது என்று பல இடங்களில் எனக்கு இன்னும் குழப்பம். நிச்சயமில்லாத இடத்தில் நிச்சயமில்லை என்று சொல்லிவிடுகிறேன்.

என் பெயர் சவரிமுத்து. வீடு சாந்தோம். மயிலாப்பூரில் கச்சேரி ரோட்டுக்குப் பக்கத்தில் ஒரு அச்சுக்கூடத்தில் டைம்கீப்பராக இருந்தேன். யார் எப்போது வந்தார்கள் என்று எழுதுவதும், தொங்கவிட்ட தண்டவாளத் துண்டில் மணி அடிப்பதும் என் வேலை. அடிப்பதற்குச் சுவர்க் கடிகாரம்தான் கணக்கு. அங்கே வேலை செய்த முப்பது பேரில் ஒருவரிடமும் கைக்கடிகாரம் கிடையாது. முதலாளியிடம் இருந்தது. சட்டைப் பைக்குள் வைத்திருப்பார்.

யுத்தம் நடந்துகொண்டிருந்தது. சர்க்கார் தேசம் முழுவதும் கடிகாரத்தை ஒரு மணி முன்னால் தள்ளியது. ஊரே புது நேரம், பழைய நேரம் என்று இரண்டாகப் பேசியது. கல்யாணப் பத்திரிகையில் முகூர்த்தத்துக்குப் பக்கத்தில் "பழைய நேரம்" என்று நாங்களே அச்சடித்தோம். பல வீடுகளில் கடிகாரத்தை மாற்றவே இல்லை. என் வீட்டிலும் மாற்றவில்லை. "சூரியன் ஒண்ணும் தள்ளிப் போகல, நான் ஏன் தள்ளணும்" என்பாள் என் மனைவி ரெஜினா.

அந்தக் குழப்பத்தில்தான் முதலாளி ஒருநாள் என்னை உள்ளே கூப்பிட்டார்.

"சவரி, இப்ப ஊர்ல எவனுக்கும் மணி தெரியாது. காலையில பத்து நிமிஷம் முன்னாடி அடி. சாயங்காலம் பத்து நிமிஷம் கழிச்சு அடி. எவன் கேக்கப் போறான்?"

"கடியாரத்தப் பாப்பாங்களே, முதலாளி."

"கடியாரம் உன் கையிலதானே இருக்கு."

அவ்வளவுதான் பேச்சு. மாட்டேன் என்று நான் சொல்லவில்லை. சொல்லியிருக்கலாம். யாரும் என் கழுத்தில் கத்தி வைக்கவில்லை.

முள்ளைத் தள்ளுவதிலும் ஒரு சூட்சுமம் இருந்தது. மத்தியானம் பன்னிரண்டுக்கு எங்கள் சாந்தோம் கோயில் மணி அச்சுக்கூடம் வரை கேட்கும். அந்த நேரத்தில் எங்கள் கடிகாரம் சரியாக இருந்தாக வேண்டும், இல்லாவிட்டால் அகப்பட்டுக்கொள்வோம். ஆகவே காலையில் ஆட்கள் வருவதற்கு முன்னால் பத்து நிமிஷம் முன்னே தள்ளுவேன். பதினொன்றரை வாக்கில் சரியான இடத்துக்குக் கொண்டுவருவேன். சாப்பாட்டுக்குப் பிறகு மிஷின் சத்தத்தில் யாரும் பார்க்காதபோது பத்து நிமிஷம் பின்னே இழுப்பேன். எல்லோரும் போன பிறகு மறுபடி சரி செய்வேன். கண்ணாடியைத் திறந்து, ஒரே விரலால், ஒரு நாளைக்கு நான்கு தரம். இரண்டு வருஷத்துக்கு மேல் செய்தேன்.

நோய் காப்பியில் ஆரம்பித்தது. ஒருநாள் காலையில் காப்பியைக் குடித்துவிட்டு டம்ளரைக் கீழே வைத்தேன். கொஞ்ச நேரத்தில் ரெஜினா காப்பி கொண்டுவந்தாள்.

"இப்பத்தானே குடிச்சேன்."

"எங்க குடிச்சீங்க? பாலே இப்பத்தான் பொங்குச்சு."

டம்ளரைத் தேடினேன், இல்லை. நாக்கில் மட்டும் காப்பிக் கசப்பு இருந்தது. அவள் கொடுத்ததை வாங்கி இரண்டாவது தடவையாகக் குடித்தேன். அதே சூடு, அதே கசப்பு, ஓரத்தில் அதே ஆடை. காலை நேரங்களில் இப்படித்தான் ஆகும். நடக்கப்போவது முதலில் எனக்கு நடந்துவிடும். பிறகு அதுவே நிஜமாக இன்னொரு தரம் நடக்கும்.

சாயங்காலத்தில் இதற்கு நேர் எதிர். லஸ் முனையில் ரோட்டைக் கடந்தேன். சத்தமே இல்லாமல் ஒரு டிராம் என் மூக்குக்கு முன்னால் வந்து நின்றது. டிரைவர் கையை ஆட்டி, வாயைத் திறந்து மூடினான். ஒன்றும் கேட்கவில்லை. வீட்டுக்கு வந்து சட்டையைக் கழற்றும்போதுதான் டிராம் மணி கணகணவென்று காதில் அடித்தது. கூடவே "சாவுகிராக்கி, வூட்ல சொல்லிட்டு வண்ட்டியா" என்ற குரல். நான் திரும்பிப் பார்த்தேன். அறையில் ரெஜினா மட்டும் நின்றிருந்தாள்.

"யாரத் தேடறீங்க?"

"டிராம்காரன் திட்டறான்."

அவள் என் நெற்றியில் கை வைத்தாள். கொதித்தது. பத்து நிமிஷத்தில் காய்ச்சல் தானாக இறங்கிவிட்டது. தினமும் காலையில் பத்து நிமிஷம், மத்தியானத்துக்கு மேல் பத்து நிமிஷம் காய்ச்சல். மலேரியா என்று கொய்னா மாத்திரை சாப்பிட்டேன். காது அடைப்பு என்று எண்ணெய் விட்டேன். பேய் என்று பக்கத்து வீட்டில் சொன்னார்கள், அவர்களைத் திட்டினேன்.

கடைசியில் தியாகராய நகரில் ஒரு நரம்பு டாக்டரிடம் ரெஜினா கூட்டிக்கொண்டு போனாள். பெஞ்சில் பதினைந்து பேர் உட்கார்ந்திருந்தார்கள். என் பெயரைக் கூப்பிட்டது காதில் விழுந்ததும் எழுந்து உள்ளே போனேன். உள்ளே ஒரு பெரியவர் வேட்டியை அவிழ்த்துக்கொண்டு நின்றிருந்தார். கம்பவுண்டர் என்னைக் கழுத்தைப் பிடிக்காத குறையாக வெளியே தள்ளினான். பத்து நிமிஷம் கழித்து அதே குரலில், அதே இழுப்போடு என் பெயரைக் கூப்பிட்டான். பெஞ்சில் இருந்தவர்கள் என்னைப் பைத்தியம் என்றே முடிவு கட்டிவிட்டார்கள். எனக்கும் அந்தச் சந்தேகம் வந்தது.

அந்த டாக்டர் நாக்கைப் பார்த்தார், முழங்காலில் தட்டினார். பிறகு என் கையைப் புரட்டி, "இந்த விரல் யாருது?" என்று கேட்டார். அதுவரை நானே அதைக் கவனித்திருக்கவில்லை. அன்றே ஒரு கடிதம் எழுதிக் கொடுத்து அடையாற்றுப் பக்கம் ஒரு சின்ன ஆஸ்பத்திரிக்கு அனுப்பினார்.

அந்த ஆஸ்பத்திரியின் பெயரையும் அங்கிருந்த டாக்டரின் பெயரையும் எழுத வேண்டாம் என்று டாக்டரே கேட்டுக்கொண்டார். மயிலாப்பூர்க்காரர், குள்ளமானவர், வெற்றிலை போடுகிறவர். அவர்தான் முதன்முதலில் நான் சொன்னதைக் கேட்டு ஆச்சரியப்படாத மனுஷர்.

முதல் பரீட்சை நாடி. இரண்டு மணிக்கட்டிலும் ஒரே நேரத்தில் இரண்டு பேர் எண்ணினார்கள். இடது கையும் வலது கையும் ஒத்துவரவில்லை. அடுத்தது மூன்று கடிகாரப் பரீட்சை. பேர் பெரிதாக இருந்தாலும் விஷயம் சுலபம். ஒரே மாதிரி முடுக்கிய மூன்று பாக்கெட் கடிகாரங்களில் ஒன்றை நெற்றியிலும், ஒன்றை மார்பிலும், ஒன்றை அந்த விரலிலும் கட்டிவிடுவார்கள். ஒரு மணி நேரம் அசையாமல் கிடக்க வேண்டும். நல்ல உடம்பாக இருந்தால் மூன்றும் ஒரே மணி காட்டும். எனக்கு மூன்றும் மூன்று வெவ்வேறு மணி காட்டின. டாக்டர் அதைப் பார்த்துத் தலையை ஆட்டிக்கொண்டார், சந்தோஷப்பட்டவர் மாதிரி. எனக்கு அவரை அறையலாம் போல இருந்தது.

"முள் காய்ச்சல்" என்றார். "இங்கிலீஷ்ல நீளமா ஒரு பேர் இருக்கு, அது உமக்கு வேண்டாம். உடம்புக்குள்ள ஒரு கடியாரம் ஓடிண்டிருக்கு, ஓய். அது வெளியில இருக்கற கடியாரத்தோட ஒத்துப்போகப் பாக்கும். சர்க்கார் ஒரு மணி தள்ளினது எல்லாருக்கும் சேத்துத் தள்ளினது. அதனால ஒருத்தருக்கும் ஒண்ணும் ஆகாது. ஆனா ஊர் பூரா ஒரு மணி, ஒரே ஒரு சுவத்துல மட்டும் வேற மணின்னு இருந்தா, அதைத் தொட்டுத் திருப்பறவன் உடம்புக்கு எந்தப் பக்கம் போறதுன்னு தெரியாமப் போயிடும்."

பிறகு முக்கியமான கேள்வியைக் கேட்டார். எந்தக் கடிகாரம், எந்தப் பக்கம் தள்ளினீர், எவ்வளவு? முன்னால் தள்ளியவனுக்கு வைத்தியம் குளிர்ச்சி, இருட்டு, அசையாமல் கிடப்பது. பின்னால் இழுத்தவனுக்கு வெயில், சூடு, நடை. ஒன்றுக்கு மற்றதைச் செய்தால் நோய் ஏறிவிடும்.

நான் பொய் சொன்னேன்.

ஏன் என்று சொல்லிவிடுகிறேன். அதற்கு முந்தின நாள் முதலாளி காரில் வந்திருந்தார். ஒரு சீப்பு மலைவாழைப்பழத்தைக் கட்டிலில் வைத்துவிட்டு, "கடியாரம் ஸ்லோவாப் போகும், காலையில பத்து நிமிஷம் தள்ளிச் சரி பண்ணுவேன்னு சொல்லு. வேற ஒண்ணும் பேசாதே. வேலை உனக்காகக் காத்துக்கிட்டிருக்கு" என்று சொல்லிவிட்டுப் போயிருந்தார். அது ஒரு காரணம். இன்னொரு காரணம் ஏழுமலை. அச்சுக்கூடத்தில் மிஷின்மேன், என் சிநேகிதன். கொட்டிவாக்கத்துக்காரன். நான் படுத்த நாளிலிருந்து ஞாயிற்றுக்கிழமை தவறாமல் வந்து பார்த்தான். அவனுக்குத் தெரிந்தால் அவன் முகத்தில் எப்படி விழிப்பேன்?

ஆகவே முதலாளி சொன்னதையே சொன்னேன். காலையில் பத்து நிமிஷம் முன்னால், அவ்வளவுதான் என்றேன். டாக்டர் எழுதிக்கொண்டார். என்னை ஜன்னல் மூடிய அறையில் போட்டு, ஈரத்துணி சுற்றி, நாள் முழுவதும் அசையாதே என்றார்கள்.

காலைக் காய்ச்சல் குறைந்தது. சாயங்காலம் முற்றியது.

பக்கத்துக் கட்டிலில் ஒரு சினிமாக் கொட்டகைக்காரர். நாயுடு என்று கூப்பிடுவார்கள். யுத்தத்துக்காக ராத்திரியில் விளக்கை அணைக்கச் சொன்ன இருட்டடிப்பு நாட்களில் கடைசி ஆட்டம் முடிவதற்குள் நேரம் ஆகிவிடுகிறது என்று கொட்டகைக் கடிகாரத்தை முன்னால் தள்ளி விளையாடியவர். உண்மையைத் தாமதமாகச் சொன்னார் என்று நர்ஸ் தெரசா சொன்னாள். அவர் முழுதாக ஒரு நாள் முன்னே போய்விட்டார். நாளைக்குக் கேட்கப்போகிற கேள்விக்கு இன்றைக்குப் பதில் சொல்வார். ஒருநாள் யாரும் இல்லாத பக்கம் பார்த்து, "வேணாம்மா, சாத்துக்குடி நமக்கு ஒத்துக்காது" என்றார். மறுநாள் ரெஜினா சாத்துக்குடி கொண்டுவந்து அவரிடம் ஒன்றை நீட்டினாள். அவர் கூரையைப் பார்த்துக்கொண்டு கிடந்தார்.

"பிசகு ஒரு நாளைத் தாண்டிடுத்துன்னா திருப்பிக் கொண்டுவர எனக்கு வழி தெரியாது" என்று டாக்டர் சொன்னார். அவரைக் காட்டித்தான் சொன்னார். எனக்கும் சேர்த்துத்தான் சொன்னார்.

பார்வையாளர் நேரம் நான்கிலிருந்து ஆறு வரை. ரெஜினா நான்குக்கே வந்துவிடுவாள். சாந்தோமிலிருந்து நடந்து, பாலத்தைக் கடந்து, ஒரு தூக்குச் சட்டியில் ரசம் சாதமோ மீன் குழம்போ கொண்டுவருவாள். முதலில் அவள் குரல் மட்டும் பிந்தியது. வாய் அசையும், பேச்சு பத்து நிமிஷம் கழித்து வரும். நான் "ம்" போட்டுச் சமாளித்தேன். பிறகு கண்ணும் பிந்தியது. பத்து நிமிஷம் அரை மணி ஆயிற்று, அரை மணி இரண்டு மணி ஆயிற்று.

இரண்டு மணி என்றால் என்னவென்று கேளுங்கள். நான்கு மணிக்கு அவள் வந்து உட்காரும்போது எனக்கு இன்னும் இரண்டு மணி. காலியான முக்காலி. ஆறு மணிக்கு அவள் எழுந்து போன பிறகுதான் எனக்கு அவள் வருவாள். உட்கார்வாள், சேலைத் தலைப்பால் கழுத்தைத் துடைப்பாள், "இன்னிக்குக் கண்ணு அசையுதா, நான் பேசறது கேக்குதா?" என்பாள். கேக்குது ரெஜி, கேக்குது என்று கத்துவேன். அவள் திரும்பமாட்டாள். ஏனென்றால் அவள் அங்கே இல்லை. அவள் பார்த்ததெல்லாம் கண்ணைத் திறந்துகொண்டு கட்டை மாதிரி கிடக்கிற ஒருத்தனை. அவன் வாயில் சோற்றைப் பிசைந்து ஊட்டிவிட்டுப் போயிருக்கிறாள். எனக்கு வயிறு முதலில் நிறையும். ஊட்டுகிற கை பிறகு வரும்.

இன்னும் கொஞ்சம் பிந்தினால் நாயுடு மாதிரிதான், திசை மட்டும் வேறு. பதினேழு வருஷம் கூடக் குடித்தனம் செய்தவளை இனி நேருக்கு நேர் பார்க்கவே முடியாது. இது தெரிந்தும் நான் வாயைத் திறக்கவில்லை. இதை இப்போது எழுதும்போது என் மேல் எனக்கே ஆத்திரமாக வருகிறது.

திறக்க வைத்தது வீட்டுக் கடிகாரம்.

ஒருநாள் நாயுடு சம்பந்தமில்லாமல், "அழாதேம்மா, அந்தக் கடியாரத்த எடுத்துக்கினு வூட்டுக்குப் போ" என்றார். மறுநாள் சாயங்காலம், நிஜ நேரம் ஆறரை மணி இருக்கும். முக்காலியில் ரெஜினா தெரிந்தாள். மடியில் எங்கள் வீட்டு மேஜைக் கடிகாரம். டாக்டர் நின்றுகொண்டு கத்திக்கொண்டிருந்தார்.

"இத எப்பக் கொண்டுவந்து கட்டிலுக்கு அடியில வெச்சேள்?"

"பத்து நாளாச்சு டாக்டர். வீட்டுச் சத்தம் கேட்டா தேறுவாருன்னு..."

"இது பழைய நேரம் காட்டறதும்மா. ஒரு மணி பின்னாடி. பின்னாடி ஓடற கடியாரத்தக் கட்டிலடியில வெச்சிண்டு, நான் எத்தனை ஊசி போட்டு என்ன? ஏன் சாயங்காலம் மட்டும் மோசமாறதுன்னு நான் மண்டையை ஒடைச்சிண்டிருக்கேன். உங்க ஆத்துக்காரரை நீங்களே இழுத்துப் பின்னாடி தள்ளிண்டிருக்கேள்."

ரெஜினா கடிகாரத்தைத் தலைப்பால் மூடிக்கொண்டு, சத்தமில்லாமல் அழுதாள். பிறகு என் பக்கம் குனிந்து, "தெரியாமப் பண்ணிட்டேங்க" என்றாள்.

யாருமே தொடாத, அது பாட்டுக்கு ஓடிய கடிகாரம் அது. அவள் மேல் ஒரு தப்பும் இல்லை என்று அந்த அறையில் எனக்கு ஒருவனுக்குத்தான் தெரியும். நான் எழுந்து உட்கார்ந்தேன். அவள் பண்ணல, நான் பண்ணேன் என்றேன். காலையில் தள்ளினது, பதினொன்றரைக்குச் சரி செய்தது, சாப்பாட்டுக்குப் பிறகு பின்னால் இழுத்தது, எல்லோரும் போன பிறகு திருப்பினது, முதலாளி சொன்னது, எல்லாவற்றையும் சொன்னேன். டாக்டர் திரும்பிப் பார்க்கவில்லை. ரெஜினா அழுதுகொண்டே எழுந்து போனாள். நிறுத்து ரெஜி, கேளு என்று கத்தினேன்.

எட்டரை மணிக்கு நர்ஸ் தெரசாவின் குரல் வந்தது. "யார்கிட்ட பேசறீங்க? அவங்க போய் ரெண்டு மணி நேரம் ஆச்சு. ஐயோ, இருங்க, இருங்க, மறுபடி சொல்லாதீங்க, நான் எழுதிக்கிறேன்." நான் காலி முக்காலியிடம் சொன்னதை அவள் விளக்கேற்ற வந்தபோது கேட்டிருக்கிறாள்.

மறுநாள் காலை டாக்டர் அந்தக் காகிதத்தோடு வந்தார். கோபப்படவில்லை, அதுவே பயமாக இருந்தது.

"ஒரு தடவை பொய் சொன்னீர். இது நிஜம்னு நான் எப்படி நம்பறது? வைத்தியத்தைத் தலைகீழா மாத்தணும். இதுவும் பொய்யா இருந்தா நீர் திரும்ப மாட்டீர். அச்சுக்கூடத்துல வேலை செய்யற ஒருத்தர் வந்து சொல்லட்டும்."

"முதலாளியக் கேளுங்க."

"உம்ம முதலாளி சொல்றது எனக்குத் தெரியும், ஓய்."

டாக்டர் வரச்சொல்லி ஞாயிற்றுக்கிழமை காலையிலேயே ஏழுமலை வந்தான். ரெஜினாவும் இருந்தாள். இந்தக் காலை வேளையைப் பற்றி எனக்கு ஒரு குழப்பமும் இல்லை. இரண்டு தரம் நடந்ததால் நன்றாக ஞாபகம் இருக்கிறது.

முதல் தரம் ஏழுமலையின் பதில் மட்டும் காதில் விழுந்தது. அவன் முகமும் தெரிந்தது. அவன் என்ன சொல்வான் என்று முழுவதும் தெரிந்த பிறகு, நான் வாயைத் திறந்து அவனிடம் உண்மையைச் சொல்ல வேண்டியிருந்தது. ஒருத்தன் உன்னை அறையப்போகிறான் என்று கன்னத்தில் வலி வந்த பிறகு, அந்தக் கன்னத்தை நீயே கொண்டுபோய்க் காட்டுவது மாதிரி.

டாக்டர்தான் ஆரம்பித்தார். "சாயங்காலம் மணி அடிச்சதும் எங்க போவீர்?"

"அடையாத்துக்கு நடந்து போய் பஸ்ஸப் புடிப்பேன், சார். திருவான்மியூர் போற கடைசி பஸ்ஸு. எங்க புடிக்கிறது? பஸ்காரன் ரெண்டு வருசமா முன்னாடியே எட்த்துக்கினு பூடறான். நடந்துதான் கொட்டிவாக்கம் போறேன். விளக்கு கீதா ஒண்ணா, சவுக்குத் தோப்புல தடவிக்கினு போவணும்."

"எவ்வளவு முன்னாடி?"

"ஒரு பத்து நிமிசம் இருக்கும்." அவன் என்னைப் பார்த்துச் சிரித்தான். "இன்னா சவரி, நம்ம பஸ்காரன் கத இவருக்கு இன்னாத்துக்கு?"

டாக்டர் என்னைப் பார்த்தார். "நீரே சொல்லும்."

சொன்னேன். நான்கு வாக்கியம் இருக்கும்.

பிறகு ஏழுமலை சொன்னதை இரண்டாம் முறையாகக் கேட்டேன்.

"அந்த டிரைவரு தாயத் திட்டியிருக்கேன் சவரி. தெனம் திட்டியிருக்கேன். போன மழைக்கு ஒரு நாள் கல்ல எட்த்து அட்ச்சேன். கண்டக்டருக்கு நெத்தி பொளந்துச்சு. சின்னப் பையன். அவன் ஒயுங்காத்தான் வந்துக்கினு கீறான். ஒயுங்கா போய்க்கினு கீறான்." எழுந்து நின்றான். "உன்னாண்டதானே வந்து சொன்னேன், கல்லு அட்ச்சத. நீ இன்னா சொன்னே? நல்லா வேணும்னே."

நான் அப்படிச் சொன்னேனா என்று எனக்கு ஞாபகம் இல்லை. சொல்லியிருப்பேன்.

அவன் போய்விட்டான். பிறகு ஆஸ்பத்திரிக்கு வரவே இல்லை. ரெஜினா முக்காலியில் உட்கார்ந்தபடி இருந்தாள். நான் அவளைப் பார்க்கவில்லை. டாக்டர் மட்டும் காகிதத்தில் கையெழுத்துப் போட்டுக்கொண்டே பேசினார்.

"போதும், உம்மை நீர் திட்டிக்க வேண்டாம். இது பாவத்துக்கு வர வியாதி இல்லை. விரலுக்கு வர வியாதி."

"அப்போ தள்ளச் சொன்னவருக்கு?"

"அவர் முள்ளைத் தொட்டாரா?"

"இல்ல."

"அப்ப அவருக்கு ஒண்ணும் வராது. நாக்கால சொன்னா முள்ளு நகராதே."

அன்றிலிருந்து இன்றுவரை என் வயிறு எரிவது இதற்காகத்தான். சொன்னவன் கார் ஓட்டிக்கொண்டு நன்றாக இருக்கிறான். செய்தவன் கட்டிலில் கிடந்தான். செய்தது தப்பு, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் இந்த நோயைப் படைத்தவனுக்கு நியாயம் தெரியவில்லை.

வைத்தியம் மாறியது. காலையில் முன் போலவே இருட்டும் ஈரத்துணியும். பன்னிரண்டுக்கு மேல் சூடான ஒத்தடம், ஊசி, பிறகு வெயில் விழும் வராந்தாவில் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை நடை. கண்ணும் காதும் இரண்டு மணி பின்னால் கிடக்கிறவன் நடப்பது சாதாரண விஷயம் இல்லை. தூண் எங்கே என்று எனக்குத் தெரியாது. ஒருவர் தோளைப் பிடித்துத் தள்ளிக்கொண்டு போக வேண்டும். ஆஸ்பத்திரிக் கடிகாரத்தைப் பார்த்து ஐந்து நிமிஷத்துக்கு ஒரு தரம் மணியை உரக்கச் சொல்ல வேண்டும். அது காதில் எப்போது விழுந்தாலும் சரி, சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும் என்றார் டாக்டர்.

ரெஜினா செய்தாள். இரண்டு மணிக்கே உள்ளே வர அவளுக்கு அனுமதி வாங்கினார்கள். "ரெண்டு அஞ்சு. ரெண்டு பத்து. ரெண்டு பதினஞ்சு." ஐந்து வாரம். அவள் குரல் கட்டிப்போன நாளில் நர்ஸ் தெரசா சொன்னாள். அச்சுக்கூடத்து விஷயத்தைப் பற்றி ரெஜினா என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். எப்போதாவது திட்டி, அது எனக்கு வந்து சேராமலே போயிற்றோ, அதுவும் தெரியவில்லை.

இரண்டு மணி ஒன்றரை ஆயிற்று. ஒன்று ஆயிற்று. அரை மணியில் பல நாள் நின்றுவிட்டது, அத்தோடு அவ்வளவுதான் என்று நினைத்தேன். பிறகு ஒரு நாள் வராந்தாவில் திரும்பும்போது அவள் முகம் தெரிந்தது. கறுத்து, இளைத்துப் போயிருந்தது. உதடு அசைந்தது. உதடு அசையும்போதே குரலும் வந்தது.

"நாலு இருவது. பொத்தான மாத்திப் போட்டுக்கிட்டிருக்கீங்க."

"எந்தப் பொத்தான்?" என்றேன்.

அவள் நின்றுவிட்டாள். "கேட்டுச்சா?"

"கேட்டுச்சு."

"இப்பவேவா?"

"இப்பவே."

அவள் என் சட்டைப் பொத்தானைக் கழற்றிச் சரியாகப் போட்டாள். அதற்கு ரொம்ப நேரம் ஆயிற்று. அன்றைக்கு நாலு இருபத்தைந்து சொல்ல மறந்துவிட்டாள்.

விரல் மட்டும் அப்படியேதான் இருக்கும் என்று சொல்லி என்னை வீட்டுக்கு அனுப்பினார்கள். நாயுடு இன்னும் அங்கேதான் இருக்கிறார். போகும்போது அவரிடம் சொல்லிக்கொண்டேன். முதல் நாளே பதில் சொல்லிவிட்டார் போலிருக்கிறது, பேசவில்லை.

மறுநாள் சாயங்காலம் அச்சுக்கூடத்துக்குப் போனேன். வேலை கேட்க இல்லை. என் இடத்துக்கு யாரையாவது வைத்திருப்பார்கள், அவனைத் தடுக்க வேண்டும் என்றுதான் போனேன். முதலாளியிடம் நாலு வார்த்தை கேட்கவும் எண்ணம் இருந்தது. வழியெல்லாம் அந்த வார்த்தைகளைச் சொல்லிப் பார்த்துக்கொண்டு போனேன்.

உள்ளே சுவரில் ஏணி சாத்தியிருந்தது. அதன் மேல் ஏழுமலை நின்று கடிகாரக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தான்.

"தொடாதே" என்றேன். "ஏழுமலை, அத்தத் தொடாதே, இறங்கு."

அவன் குனிந்து பார்த்தான். "கண்ணாடியத்தான் தொடக்கிறேன். முள்ளத் தொடல."

"உன்னையா போட்டாரு?"

"நான்தான் கேட்டு வாங்கினேன்."

"தள்ளச் சொல்லலையா?"

"சொல்லாம இருப்பாரா? வந்த அன்னிக்கே சொன்னாரு, பத்து நிமிசம்னாரு." அவன் துணியை உதறி மடித்தான். "நான் எல்லாரையும் கூப்ட்டேன். கம்போஸிங், பைண்டிங், அத்தினி பேரும் வந்து நின்னாங்க. ஏணியப் போட்டேன். ஏறுங்க முதலாளி, நீங்களே ஒரு தள்ளு தள்ளுங்க, நான் மணி அடிக்கிறேன்னேன்."

"ஏறினாரா?"

"உன் வெரலப் பத்தித்தான் ஆஸ்பத்திரியிலேர்ந்து ஊரெல்லாம் பேச்சாக் கீதே. ரெண்டு படி ஏறினாரு. கடியாரத்தப் பாத்தாரு. அப்பாலே எறங்கி, கைய ஜோபில வுட்டுக்கினு ரூமுக்குள்ள பூட்டாரு. அத்தோட தள்ளுன்னு யாரும் சொல்லல."

நான் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்த வார்த்தைகள் ஒன்றும் ஞாபகம் வரவில்லை. மணி ஐந்து ஆகச் சில நிமிஷம் இருந்தது. பைண்டிங் பெண்கள் என்னைப் பார்த்து ஏதோ குசுகுசுத்தார்கள். எல்லோருக்கும் தெரிந்திருக்கிறது. ஒருவரும் வா என்று சொல்லவில்லை. போ என்றும் சொல்லவில்லை.

"ஏழுமலை, நான் செஞ்சது..."

"பேசாதே சவரி. உன்னாண்ட பேசறதுக்கு எனக்கு இன்னும் மனசு வர்ல." அவன் கடிகாரத்தைப் பார்த்தபடியே காலைக் கீழ்ப் படிக்கு நீட்டித் துழாவினான். "நேரமாச்சு, மணி அடிக்கணும். ஏணி ஆடுது பாரு, புடி."

பிடித்துக்கொண்டேன்.